துழனி

கெரிஞ்சி எல்ஆர்டி தண்டவாளம்
சன்னலுக்குக் கீழே வளைந்து போகும் ஏழாவது மாடியில்
எனக்கு வேலை: இல்லாத பொருள்களுக்கு
இரண்டு வரி வரலாறு எழுதுவது.

வாள்களுக்கு எழுதினேன். சூப்புக் கிண்ணங்களுக்கு எழுதினேன்.
பனித்தேசத்து ஓநாய்த்தோல் ஒன்றுக்கு
‘இன்னும் சூடு ஆறவில்லை’ என்று எழுதியபோது
கோக் வெய் கட்டைவிரலை உயர்த்தினான்.

பிறகு அந்தப் படிகம்.
உப்புக்குகையின் அடித்தட்டில்
நாற்பதாயிரம் அடிக்கு ஒருமுறை அகப்படும்.
உன் பாஷையில் யாருக்கும் தெரியாத பெயர் கொடு என்றான்.
என் பாஷைக்காரர்களுக்கே தெரியாத ஒன்றைக் கொடுத்தேன்.
துழனி.
ஓசை என்று பொருள். அகராதிக்கு வெளியே
இப்போது அது ஓசை எழுப்புவதில்லை.

ஃபரிஹா வரைந்தாள்:
ரம்புத்தான் கொட்டை அளவு,
உரித்த சதைபோல் பாதித் தெளிவு,
உள்ளே ஒரு கீறல்.

மாமாக் கடையில் தே ஹலியா ஆறுவதற்குள்
கைப்பேசியில் தட்டி அனுப்பினேன்:
‘பதில் கிடைக்காத அழைப்புகள் மண்ணில் ஊறி இறுகியது.
காதில் வை. நீ எடுக்காமல் விட்ட குரல் பேசும்.’
நன்றாக இருப்பதாக எனக்கே தோன்றியது.
பில் நான்கு வெள்ளி இருபது காசு.

மூன்று வருடம் கழித்து ஒரு புகார்.
பெயர், பூச்சோங் புலி.
நேரம், விடியற்காலை மூன்று நாற்பது.
‘கல் கிடைத்தது. காதில் வைத்தேன்.
ஒன்றும் கேட்கவில்லை. ஹெட்போன் மாற்றினேன்.
தம்பியின் கணினியிலும் பார்த்துவிட்டேன்.
சத்தத்தைக் கூட்ட வேறு வழி உண்டா?’

கோப்புகளைத் தோண்டினேன்.
கதவுக்கு ஒலி இருந்தது.
தவளைக்கு ஏழு விதமாய் இருந்தது.
துழனிக்கு இல்லை.
அந்த மாதம் ஒலிக்காரர் சிங்கப்பூருக்குப் போயிருந்தார்.
‘யார் கைக்குக் கிடைக்கப் போகிறது, பிறகு பார்க்கலாம்’
என்று குறித்து வைத்த புண்ணியவான் யார் என்று தேடினால்
நான்தான்.

பதிவேட்டில் புலியின் தடம் பார்த்தேன்.
ஆயிரத்து எழுபது இரவுகள்.
சண்டையில்லை, கூட்டாளியில்லை, யாரோடும் பேச்சில்லை.
உப்புக்குகை, அடித்தட்டு, சுத்தியல்.
எந்தப் பெருநாளுக்குக் கை ஓய்ந்தது என்று பார்த்து
ஆள் எந்த இனம் என்று ஊகிக்கலாம் என்றால்
எந்தப் பெருநாளுக்கும் ஓயவில்லை.

மூன்று நொடி கிசுகிசுப்பைப் போடு என்றான் கோக் வெய்,
கொஞ்சம் காற்று, கொஞ்சம் எதிரொலி.
போட்டேன். கேட்டேன்.
சொந்தமில்லாத யாருடைய மூச்சோ என் காதுக்குள்.
அழித்தேன்.

பிறகு எழுதினேன்:
‘மன்னிக்கவும். குரல் வைக்க மறந்துவிட்டோம்.’
அனுப்புமுன் ‘விட்டோம்’ என்பதை
‘விட்டேன்’ ஆக்கினேன்.

நான்கு நாள் பதில் இல்லை.
நான்கு நாளும் மாலை நான்கு மணிக்கு
முன்பதிவு செய்ததுபோல் மழை.
எல்ஆர்டி ஒவ்வொன்றும் நனைந்த முதுகோடு போயிற்று.

ஐந்தாம் நாள் மலாயில் இரண்டு வரி:
‘மறதியா? அவ்வளவுதானா?
டியாவுக்கு என்னோடு பேச விருப்பமில்லை என்று நினைத்துவிட்டேன்.’

டியா. அவனும் அதுதான், அவளும் அதுதான்.
அதற்குமேல் அந்தச் சொல்லை
நான் தோண்டவில்லை.

இன்றிரவு பதிவேட்டைத் திறந்தேன்.
கல் பையில்தான் இருக்கிறது.
விற்றிருப்பது வேறொன்று,
துறைமுகச் சந்தையில், பதினான்கு செப்புக்காசுக்கு.
அதன் வரலாறும் நான் எழுதியதே:
சுத்தியல். தரம், சாதாரணம்.