சார்ஜன்ட் வருகிற இடம்

டெஸ்மண்ட் ஆர்க்ரைட், இங்கிலாந்து நடிகன்,
பதினொரு இசைநாடகப் படங்கள்.
ஒன்பதில் சார்ஜன்ட். ஒன்றில் பால்காரியின் மாமன்.
கடைசியில் நீதிபதி.

பதினொன்றிலும் வாய் அவனுடையது.
குரல் யாரோ ஒருவருடையது:
உறையின் பின்பக்கம் பேன் முட்டை அளவு எழுத்தில்
பாடகர் பெயர் போட்டிருக்கும்.
நீதிபதி படத்தில் அதுவும் இல்லை.
பாடகனுக்குக் கொடுக்கக் காசில்லையாம்.
நீதிபதி தலையை மட்டும் ஆட்டினார்.

டச்பாரில் பியூலா அவுட்ஸ்கோன் வீடு.
கச்சேரியில் தட்டெழுத்தாளர் அவ.
(எங்கட ஊரில் கச்சேரி என்றால் பாட்டில்லை,
வரிசை.)
பேர்த்திலிருந்து மச்சாள் அனுப்பிய கசெற்றுகள்,
கார் பற்றரி,
யன்னலுக்குப் போர்வை.
ஆறு மணிக்குமேல் ஊரடங்கு,
ஆனபடியால் வந்தவர்கள் விடியும்வரை அங்கேதான்.

படத்தில் கைதுசெய்ய வருகிறவன்
முதலில் பாடுகிறான்.
பின்னால் ஆறு பொலிஸ், முழங்கால் மடித்து மடித்து,
தங்களுக்குப் பயமாய் இருக்கிறதென்று
எதுகை மோனையோடு முறையிடுகிறார்கள்.
பிடிபட்ட பொடியன் தாளம் போடுகிறான்.

சிரிக்க வேண்டிய இடம் என்று பியூலா சொன்னா.
எட்டுப் பேர் இருந்தோம்.
வெளியே ட்ரக் ஒன்று கியர் மாற்றிப் போனது.
அது பாலம் ஏறும்வரை
அவ சத்தத்தைக் குறைத்து வைத்திருந்தா,
சார்ஜன்ட் சும்மா வாயைத் திறந்து மூடினான்.

அப்போதுதான் ராசநாயகி சொன்னது:
"இவன் பாடல்ல."

மூன்று மாதமாக மகனைத் தேடி
எல்லா வாசலிலும் நின்றவள்.
"காம்பில கதைக்கிறவனும் இப்பிடித்தான்.
வாய் அவன்ட.
சொல்லு வேற ஆக்கள்ர."

யாரும் ஒன்றும் பேசவில்லை.
தேத்தண்ணி ஆறிக்கொண்டிருந்தது.

"மறுகா அந்தப் பொடியனுக்கு என்ன நடந்த?"
"விட்டுருவான் அக்கா.
பிடியாணையைக் கிழிச்சுப்போட்டுச்
சேர்ந்து ஆடுவாங்க."
"அதப் போடு."

போட்டா.
பிறகு அடுத்த இரவும். அதற்கடுத்ததும்.
கதை வேண்டாம், காதல் வேண்டாம்,
கப்பல் துறைமுகத்துக்கு வருகிற நீட்டுப் பாட்டு வேண்டாம்.
நாடா அந்த இடத்தில் தேய்ந்து
ஆர்க்ரைட்டின் முகத்தில் வெள்ளைக் கோடு விழுந்தது.
ஒன்பது படத்திலும் ஒன்பது தரம் விட்டான்,
லண்டனில் சம்பளம் வாங்கினான்,
இங்கே ஒரு கிழமைக்கு
ஒரு பற்றரி அவனுக்கென்றே போனது.

கடைசி இரவு,
சட்டைப் பையிலிருந்து அவன் கடதாசியை எடுத்தான்,
மேல் விளிம்பைப் பிடித்தான்,
வாயைத் திறந்தான்.

பற்றரி இறங்கிப்போச்சு.

வாவிப் பக்கம் நாய் குரைத்தது.
நெருப்புப்பெட்டியைத் தேடிப் பியூலா தடவினா,
கிளாசொன்று உருண்டது.

இருட்டுக்குள் ராசநாயகி:
"விட்டுட்டான்தானே?
பிள்ள, கிழிக்கிற சத்தம் எனக்குக் கேட்ட.
உனக்குக் கேட்டதா?"