ரகரத்துக்கும் றகரத்துக்கும் ஒரே சிவப்பு

மெற்றில்டா கொண்டுவந்த குப்பியில்
மூன்று வரி மணல்.
கருப்பு, சிவப்பு, வெள்ளை.
சொல்லுக்கு ஐந்து ரூபாய். ஒரே சொல்தான்.
நாணயத்தை உள்ளங்கையில் வைத்து
வியர்க்க வியர்க்க நின்றாள்.

சின்னவிளையில் மணல் வாசிக்கிறவள் நான்.
ஆழ்கடலில் படகும் படகும் எதிர்ப்பட்டால்
கைமாறிக் கைமாறிக் கரை சேரும் குப்பிகளை
ஐஸ் பிளாண்ட் சுவரோரம் மேசை போட்டு
ஏழு மணிக்குள் வாசித்து முடிப்பேன்.
வெயில் ஏறினால் நிறம் பொய் சொல்லும்.

மெய்யெழுத்து எளிது.
வகரம் இல்மனைட், தார்க் கருப்பு.
ககரம் ரூட்டைல், புளியங்கொட்டை நிறம்.
மகரம் மோனசைட், மங்கிய தேன்;
அதைக் குறைத்துப் போடுங்கள் என்று சொல்லித்தான் கொடுக்கிறோம்,
அம்மாவுக்கு எழுதுகிறவன் எங்கே கேட்கிறான்.

பதினெட்டு மெய்க்கு இந்தக் கரை தந்தது
பதின்மூன்று நிறம்.
நகரம் ணகரம் னகரம் மூன்றும் சிர்கான் வெள்ளை.
லகரம் ளகரம் ழகரம் ஒரே பழுப்பு.
ரகரத்துக்கும் றகரத்துக்கும் ஒரே கார்னெட்.
மீன் ஏலக்காரர்கள் உண்டாக்கிய எழுத்து இது.
கரியா கறியா என்று அவர்களுக்குக் குழம்பியதில்லை,
விலையைக் கேட்டால் தெரிந்துவிடும்.

உயிர் தண்ணீரில்.
எந்த நீரில் நனைத்து உலர்த்தினார்களோ
அந்த நீர் தொட்டால்தான் மணல் கண் திறக்கும்.
அகரத்துக்குக் கிணறு. ஆகாரத்துக்குக் கடல்.
ஏகாரத்துக்கு, வள்ளியாறு போய் விழும் பொழிமுகம்.
உகரத்துக்கு அக்கானி; எறும்பு மொய்க்கும் எழுத்து.
ஔகாரத்துக்குப் பனிநீர் வைத்திருக்கிறேன்,
மூடி இன்னும் திருகவில்லை.

கருப்பில் ஒரு சொட்டு கிணற்று நீர் விட்டேன். அசையவில்லை.
கடலை விட்டேன்,
ஈரப் பாறைமேல் நண்டு திரும்புவதுபோல் மினுங்கியது.
சிவப்பு, பொழிமுகத்து நீருக்கு.
வெள்ளை பன்னிரண்டுக்கும் திறக்கவில்லை;
அது புள்ளி வைத்தது.

"வாறேன்" என்றேன்.

மூச்சு விட்டாள்.
"வாற ஞாயிறு மூணாம் ஓலை அக்கா.
பந்தலுக்கு அட்வான்ஸ் குடுத்தாச்சு."

குப்பியை நான் இன்னும் கீழே வைக்கவில்லை.
அதே கருப்பு, அதே சிவப்பு, அதே வெள்ளை,
அதே இரண்டு நீர்.
'வாரேன்' என்றும் வாசிக்கலாம்.
பழந்தமிழில் அதற்கு, வரமாட்டேன்.
இரண்டு வாசிப்பு உள்ள குப்பிக்கு
இரண்டையும் சொல்லவேண்டும் என்பது தொழில்.
சொன்னேன்.

சிரித்தாள், பல்லெல்லாம் தெரிய.
"எட்டாங்கிளாசுல தமிழுக்கு
பதினேழு மார்க்கு எடுத்தவனாக்கும் அவன்.
வரமாட்டான்னா 'மாட்டேன்'னு
நாலு வரி போட்டிருப்பான்.
அவனுக்கு அவ்வளவு தமிழ் அறியாது அக்கா."

நாணயத்தை வைத்துவிட்டுப் போனாள்.
ஐஸ் வண்டி பின்னால் எடுத்த சத்தத்தில்
நான் கூப்பிட்டது கேட்டிருக்காது.
கூப்பிட்டேனா என்பதும் சந்தேகம்.

குப்பியின் கழுத்தில் பச்சை நூல், இரட்டை முடிச்சு.
அந்த முடிச்சு பையன்கள் போடுவதல்ல.
தூண்டில் கயிறு அறுத்த விரலால் மணல் இட வராது;
அவர்கள் சொல்லச் சொல்ல
சிராங்கு எஸ்தாக்கிதான் இடுவார்.
எஸ்தாக்கி வெண்பா எழுதுகிறவர்.
பேச்சில் எவன் எப்படி மறுத்தாலும்
இலக்கணமாக, மூன்றே வரியில்,
மணல் மிச்சம் பிடித்து அடைத்துவிடுவார்.

சிவப்பில் ஒரு பொட்டு நகத்தில் எடுத்து
வெளிச்சத்தில் பிடித்தேன்.
இத்தனை வருஷத்தில் முதல் முறையாக
அது இரண்டு சிவப்பாகத் தெரிந்தது.
மேலே இருந்தது எது என்றுகூடச் சொல்லிவிடலாம்.

ஆனால் மணி
ஏழே முக்கால்.