என்ன முறை

சார்ட் தாளைத் தரையில் விரித்து
ஜவ்வரிசி டப்பா, சட்னிக் கிண்ணம், இடுக்கி,
நாலாவது மூலைக்கு என் செல்போன் வைத்து அமுக்கினோம்.
மின்விசிறி கிரேக்கக் கடவுள்களைத் தூக்கப் பார்க்கிறது.
கனிஷ்காவுக்கு ஒன்பதாம் வகுப்பு, இங்கிலீஷ் பிராஜெக்ட்,
நாளைக்குக் கடைசி நாள்.

மேலே குரோனஸ். கறுப்பு ஸ்கெட்ச்.
பெற்றதில் ஐந்தை விழுங்கினான்,
ஆறாவதுக்கு ஏமாந்து கல்லை விழுங்கினான்.
"கல்லு செரிச்சிருக்குமாம்மா?"
நம்ம சுரங்கத்துக் கல்லென்றால் செரித்திருக்கும்,
பாதி மாவு தானே.

சீயஸுக்கும் டிமீட்டருக்கும் நடுவே கோடு இழுத்தவள்
ஸ்கெட்சை மூடிவிட்டாள்.
"அக்கா தம்பிம்மா இவங்க. ச்சீ."
சாமிங்களுக்கு அதெல்லாம் பார்க்கக் கூடாது என்றேன்.
அவர்களின் மகள் பெர்செஃபனி.
அவளைத் தூக்கிக்கொண்டு போன ஹேடிஸ்.
புத்தகத்தில் அங்கிள் என்று ஒரே வார்த்தை.
"நமக்கு இது என்னம்மா முறை?"

விரல் விட்டுப் பார்த்தேன்.
அப்பாவுக்கு அண்ணன், பெரியப்பா.
பெரியப்பா என்றால் அப்பா. நினைத்தாலே நாக்கு அழுகும்.
அம்மாவுக்குத் தம்பி, தாய்மாமன்.
தாய்மாமன் என்றால்
சீர்த்தட்டு, பட்டு, உரிமைக்காரன் வந்துட்டான் வழி விடுங்க.
ஒரே ஆள்.
எந்தக் கோட்டைப் பிடித்துக்கொண்டு
அவள் கத்தினாள் என்று புத்தகத்தில் இல்லை.

நான் கத்தவில்லை.
பதினெட்டு முடிந்து நாலு மாதம்.
நாகலூருக்கு மேலே காப்பி பூத்து
மலையில் மோர் கொட்டினது போலிருந்த காலை.
தேர் வரவில்லை, பூமி பிளக்கவில்லை.
ஒரு வாடகை வேன், இருபது கொண்டை ஊசி வளைவு.
பாதியில் வாந்தி எடுத்தேன்.
மாமா எலுமிச்சம்பழம் கொடுத்தார்,
சின்னதில் எனக்குப் பம்பரம் சுற்றிக் கொடுத்த கையால்.
கீழே வெயில்.
மாமாங்கத்தில் இறங்கியபோது
ஊர்ப் பேரிலேயே மாமா இருக்கிறார் என்று
யாரோ சொல்ல, எல்லாரும் சிரித்தார்கள்.
நானும்.

டிமீட்டர் ஒன்பது நாள் தீப்பந்தம் ஏந்தித் தேடினாளாம்,
விளைச்சலையெல்லாம் கருகவிட்டாளாம்.
என் அம்மா தேடவில்லை.
தாம்பூலம் மாற்றியதே அவள் தான்.
"வெளியில குடுத்தா யாரு என்னன்னு கண்டோம்.
செங்கோடன் நான் இடுப்புல தூக்கி வளத்த புள்ள"
என்று மிளகுக்கொடி அடியில் நின்று சொன்னாள்.
அதற்கப்புறம் தான்
மாசம் தவறாமல் முதல் பஸ்ஸில் இறங்கி வந்து
ஆரஞ்சுப் பையை வாசலில் வைத்துவிட்டு
என் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பாள்,
வைத்த இடத்திலேயே பொருளைத் தேடுகிறவள் மாதிரி.

அவர் கெட்டவர் இல்லை.
சுரங்கத்திலிருந்து வந்து, வெள்ளைத் தூசி போகக் கைகழுவி
மாதுளை உரித்துக் கொடுப்பார், ஒரு முத்து சிந்தாமல்.
பெர்செஃபனி தின்றது ஆறு விதை,
அதனால் தான் திரும்ப முடியவில்லையாம்.
நான் எண்ணித் தின்றதில்லை.
பதினாறு வருஷமாக மாமா என்று தான் கூப்பிடுகிறேன்.
வீட்டுக்காரரைக் கூப்பிடும் மாமாவா
அம்மாவின் தம்பியைக் கூப்பிடும் மாமாவா
என்று அவரும் கேட்டதில்லை.

செல்போன் அடிக்கிறது.
எடுத்ததும் தாளின் மூலை சுருண்டு
ஹேடிஸ் மேல் கவிழ்கிறது.
அம்மா. மழை போலிருக்கிறது மேலே,
குரல் அறுந்து அறுந்து வருகிறது.
"உன் தம்பிக்கு... சேர்வராயனுக்கு... முப்பத்தொண்ணு ஆயிருச்சு...
எங்கயும் அமையல...
நம்ம பாப்பா இப்ப எத்தனாவது படிக்குது?"

கனிஷ்கா முழங்கையால் மூலையை அழுத்திக்கொண்டு
அளவுகோலோடு நிமிர்ந்து பார்க்கிறாள்,
கோடு போடலாமா என்று.

"பாப்பா இப்பத்தாம்மா சாப்பிட்டா" என்கிறேன்.
"வயிறு நிறைய."
டவர் போய்விட்டது. இருந்தாலும்
இன்னொரு தடவை சொல்கிறேன்,
"அவளுக்குப் பசியே இல்லம்மா."