இருபதிலிருந்து நாற்பது

நூறைத் தொடப் பதினாலு நொடி என்றது
அவிநாசி ரோடு ஷோரூமில் தந்த வழவழப்புத் தாள்.
ஓட்டுபவர் ஒருவர், ஏசி அணைத்து,
தட்டையான பாதை, காற்றில்லாத காலை
என்பதெல்லாம் அடியில்
எறும்பெழுத்தில்.

குன்னூரில் நூறை வைத்துக்கொண்டு என்ன செய்ய?
மலைக்கு வேண்டியது இருபதிலிருந்து நாற்பது.
கேரட் லாரியின் வாலிலிருந்து தலை வரை,
எதிரே வளைவில் பஸ் மூக்கை நீட்டும் முன்.
அதற்கு எத்தனை நொடி என்று
எந்தத் தாளிலும் இல்லை.

பெர்சிஸ் அளந்து வைத்திருக்கிறாள்,
கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தில்.
அம்மாவும் நானும், வெலிங்டன் ஏற்றம்: ஐந்து.
அப்பாவும் ஏறினால்: ஏழரை.
அதில் அரை நொடி
அவர் ‘தேர்ட் போடு, தேர்ட் போடு’ என்பதற்கு.
கேஸ் சிலிண்டரோடு: எட்டு.
மழை, ஏசி, கண்ணாடியில் ஆவி: பத்து,
பக்கத்தில் ஒரு கேள்விக்குறி.

போன சனிக்கிழமை
மேட்டுப்பாளையத்தில் கல்யாணம் முடிந்து ஏறுகிறோம்.
முன்னால் ஞானசீலன். பின்னால்
கொழுந்தன் தேவசித்தம், அவர் மனைவி, மடியில் பையன்,
ஓரத்தில் ஒடுங்கிய பெர்சிஸ்.
டிக்கியில் பீளமேட்டில் வாங்கிய வெட் கிரைண்டர்,
பந்தியில் மிஞ்சிய பிரியாணி ஒரு தூக்குவாளி.

கல்லாறு பாக்குத்தோப்பு வரை
கார் தன்னைக் குதிரை என்றே நினைத்திருந்தது.
முதல் வளைவில்
கழுதைதான் என்று ஒப்புக்கொண்டது.

ஒன்பதாம் வளைவு. இறங்கும் லாரிக்கு வழிவிட்டு
முன்னே பஸ் நின்றது. நானும் நின்றேன்,
பானெட் வானத்தைப் பார்க்க.
ஹேண்ட்பிரேக். அரைக் கிளட்ச். பின்னால் ஹாரன்.
அப்பளம் கருகிய மாதிரி ஒரு வாசனை.
ஒரு சாண் முன்னே,
இரண்டு சாண் பின்னே.

தேவசித்தம்தான் முதலில் கதவைத் திறந்தார்.
‘தொண்ணூத்தெட்டு கிலோ இறங்குது’ என்றார்
யாருடைய மூட்டையையோ சொல்வதுபோல.
பிறகு அவர் மனைவி, தூங்கும் பையனோடு. பெர்சிஸ்.
கடைசியாக ஞானசீலன், சீட்பெல்ட்டோடு சண்டையிட்டு,
‘ஃபர்ஸ்ட்லயே போ’ என்று சொல்லிவிட்டு.

கிளட்சை விட்டேன்.
துள்ளியது.

நாலு வருஷமாக ஓட்டுகிறேன்,
இதன் சொந்த எடை எனக்குத் தெரியாது.
காலை அழுத்தினால் உடனே பதில் வரும் என்பதும்
தெரியாது.
பஸ் ஒதுங்கியது. இரண்டாம் கியர். இருபது.
முதுகில் யாரோ உள்ளங்கை வைத்துத் தள்ளினார்கள்.
முப்பது.
சில்வர் ஓக் மரங்கள் பின்னே ஓடின.
நாற்பது.

பத்தாம் வளைவில் நிறுத்த இடம் இருந்தது.
பார்த்தேன். தாண்டினேன்.
பதினொன்றிலும் இருந்தது.
உள்கண்ணாடியில் ஒரு தலையும் இல்லை, சாலை மட்டும்.
கிரைண்டர் கல்தான் திருப்பத்துக்குத் திருப்பம்
‘உம்’ கொட்டிக்கொண்டே வந்தது.

பன்னிரண்டில் நின்றேன்.
பின்சக்கரத்துக்குக் கல் வைத்தேன்.
கை கொஞ்சம் நடுங்கியது, பயத்தினால் அல்ல.
வெகு நேரம் கழித்துக் கீழே தெரிந்தார்கள்,
மூன்று பொட்டுகள், பட்டுப்புடவை ஒன்று,
அதன் தோளில் இன்னும் எழாத பையன்.
குரங்கு ஒன்றும் கூடவே, பிரியாணி
காரில் போய்விட்டது தெரியாமல்.

‘ஏன் இவ்வளவு தூரம்?’ மூச்சு வாங்கினார் ஞானசீலன்.
‘நடுவுல நின்னா கிளம்பாது’ என்றேன்.
பாதி உண்மை.

பெர்சிஸ் மட்டும் ஜன்னலோரம் வந்து
‘எத்தனைம்மா?’ என்றாள்.
‘எண்ணல.’
நாலு. எண்ணியிருந்தேன்.
அன்றிரவு நோட்டில் ‘அம்மா மட்டும்’ என்றெழுதி
எதிரே வெறும் இடம் விட்டிருந்தாள்.

எல்லோரும் மறுபடி ஏறினார்கள்.
பின் ஸ்பிரிங் ஒருமுறை முனகி அடங்கியது.
இருபதிலிருந்து நாற்பது:
வீடு வரும் வரை
வரவில்லை.