அடிக்குறிப்பு முப்பத்தேழு

புத்தகத்தில நான் இரிக்கன்.
பக்கம் நூற்றிப் பன்னிரண்டு, அடியில, எறும்பெழுத்தில:
"தயிர் வியாபாரி. பெண். வயது ஏறத்தாழ நாற்பது."
முப்பத்திநாலு எனக்கு அப்ப.

குருமண்வெளித் துறையில காத்து நிக்கக்குள்ள
குடையும் கொப்பியுமா வந்தா யோகசௌந்தரி,
வந்தாறுமூலைக் கம்பஸில சமூகவியல் படிப்பிக்கிறவ.
ஆத்தில மிதக்கிற பலகைக்கு எங்கட பக்கம் பேர் பாதை;
அத வெச்சே ஒரு பக்கம் எழுதியிருக்கா.

முதல்ல அவட கோட்பாடு மூண்டு படி.
நம்பிக்கை, அதுக்கு மேல கொடுக்கல் வாங்கல்,
அதுக்கும் மேல சமூகம்.
வெள்ளைக்காரர் பேரெல்லாம் சொல்லி
மணல்ல குடைக்கம்பியால கீறிக் காட்டினா.
வடிவான படம்.
நான் சொன்னன்: அப்படியெண்டா
தொண்ணூறில நாங்க ஆரும்
இந்த ஆத்தக் கடந்திருக்க ஏலாது.

அந்த வருசம்
ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பாக்கல்ல.
பிடவை மூட்டையோட மீராலெவ்வைக் காக்கா அந்த ஓரம்,
வெறுஞ்சட்டிகளோட நான் இந்த ஓரம்,
நடுவில, ஆரோட ஆக்கள் எண்டு தெரியாத ரெண்டு பொடியன்மார்.
கண்ணாப் பத்தைக்குள்ள நீர்க்காகம் ஒண்டு
முங்கி எழும்பினதுக்கும் திடுக்கிட்டம்.
நம்பிக்கையா? தூ.
எல்லாரும் ஒரு பக்கம் ஒதுங்கினா பாதை சரியும்.
அதால பயந்து பயந்து
அளவா விலகி நிண்டம்.
எடை பாத்து நிண்டம்.
படுவான்கரை வந்து சேந்திச்சு.

அவ எழுதுறத நிப்பாட்டினா.
மூண்டு படியையும் செருப்பால அழிச்சா.

பிறகுதான் சமனெடைக் கோட்பாடு.
நம்புறவங்க கூடி ஆனதில்ல சமூகம்;
நம்பாதவங்க தாழாம நிக்கப் பழகினது.
எங்கேயோ பனி கொட்டுற ஊர்ல
எழும்பி நிண்டு கைதட்டினாங்களாம்.
சந்தோசப்பட்டன், பொய் சொல்லக் கூடா.

ரெண்டாம் பதிப்புக்குத் திருத்தம் கேட்டு
போன மாசி வந்தா, தலை நரைச்சு.
ஒரு பிழை இரிக்கு எண்டன்.
மீராலெவ்வைக் காக்கா ஏறாத ஒரு நாள் வந்திச்சு,
பிறகு அடுத்த நாளும்.
ஏன் எண்டு ஆரும் கேக்கல்ல.
பாதை கொஞ்சம் சாஞ்சிச்சு.
எல்லாரும் அரையடி தள்ளி நிண்டம்,
சரியாப் போச்சு.
அவ்வளவு லேசாச் சரியாப் போச்சு.
அத எங்க எழுதுவீங்க?

பேனை மூடியக் கடிச்சபடி
ஆத்தையே பாத்துக்கொண்டு இருந்தா.
விசில் ஊதிச்சு, நான் ஏறிட்டன்.
அவ ஏறல்ல.

பதிப்பு இன்னும் வரல்ல.
அண்டைக்கு வாங்கின ரெண்டு சட்டித் தயிருக்குக்
காசும் வரல்ல.