பெறுநர் விவரம்

சார்ஜா கைத்தொழில் பேட்டை,
பணமாற்றுக் கடையில் நாலாம் கவுண்டர் எனது.
வியாழன் பின்னேரம் மேவா கான் வருவார்,
கிறீஸ் ஏறிய பத்து விரல்களோடு.
ரேகைக் கருவி அவரை ஏற்காது.
ஈரக் கடதாசியால் துடைத்துத் துடைத்து
ஏழாம் தடவைதான் பச்சை விளக்கு.
"நான் கழட்டுற பழைய டொயோட்டாவும் இப்படித்தான்,
தள்ளினால்தான் கிளம்பும்" என்பார்
எங்கள் இருவருக்கும் பொதுவான உடைந்த உருதில்.

பிறந்த திகதி: ஜனவரி ஒன்று.
பின்னால் நிற்கிற பெடியனுக்கும் ஜனவரி ஒன்று.
அறையில் கூடப் படுக்கிற பதினொரு பேரும்
கடவுச்சீட்டில் ஒரே நாளில் பிறந்தவர்கள்.
கேக் செலவு மிச்சம்.

அனுப்புநர் பகுதி பதினாலு வருஷமாய் மாறவில்லை.
மாறுவதெல்லாம் கீழே.
பெறுநர்: தகப்பன். ஊர்: கோஸ்த்.
பிறகு தகப்பன் இல்லை; அண்ணன், மீரான்ஷா.
அங்கே விமானம் வந்த வருஷம், பன்னு.
பிறகு அண்ணனும் இல்லை.
நீக்கு என்ற பொத்தானை நான்தான் அமத்தினேன்.
நிச்சயமா என்று கேட்டது கணினி.
பிறகு பெஷாவர்.

பெஷாவரில் காசு எடுக்க ஆம்பிளை இல்லை.
அன்றைக்கு அவர் குரலைத் தாழ்த்தவில்லை,
நிறுத்தியே விட்டார்.
நாலாய் மடித்த கடதாசி ஒன்று
கண்ணாடிக்குக் கீழால் வந்தது.
மனைவியின் பெயர்.
அந்தப் பதினொரு பேருக்கும் தெரியாத பெயர்.
பெயர், ஊர், தொகை
உரத்து வாசிக்க வேண்டும், அது கடை விதி.
அவருக்கு மட்டும் திரையைத் திருப்பிக் காட்டுவேன்,
கண்ணாலே ஓம் என்பார்.
ஒன்பது வருஷம், மாதம் ஒருக்கா,
எழுதியிருக்கிறேன்,
என் வாயில் வந்ததில்லை.

காபூல் கைமாறிய ஆவணியில்
கோஸ்தில் இருக்கும் தங்கச்சிக்கு அனுப்ப வந்தார்.
"போகாது, எல்லாம் அடைச்சுக் கிடக்கு" என்றேன்.
"தெரியும். இங்க குளிராயிருக்கு" என்று
சுவரோரக் கதிரையில் இருந்தார்.
நாலு வியாழன் அப்படி இருந்தார்.
மூன்றாவதில் கேட்டார்:
"உங்கட ஊரிலயும் சண்டைதானே?"
"முடிஞ்சுது."
"ஆர் முடிச்சது?"
பிரிண்டரில் கடதாசி சிக்கியிருந்தது.
சிக்காவிட்டாலும்
அதைத்தான் திறந்திருப்பேன்.

இந்தக் கார்த்திகையில் வியாழன் வரை அவர் பொறுக்கவில்லை.
செவ்வாய், பூட்டுகிற நேரம்.
பெஷாவரில் எல்லாரையும் கிளம்பச் சொல்லிவிட்டார்களாம்.
"திரும்பிப் போ எண்டு சொல்லுறாங்கள்.
மகள் பிறந்ததே அங்க.
ஒருக்காலும் போகாத இடத்துக்கு
எப்படித் திரும்புறது?"
தாயின் அட்டையைக் காவல் வாங்கி வைத்துக்கொண்டது.
மிச்சம் மகளின் அட்டை,
அதிலும் முதல் எழுத்து பிழை.
இந்தமுறை கடதாசி வரவில்லை.
கைபேசியைக் கண்ணாடித் துவாரத்தில் பிடித்தார்.
லொறி இரைச்சல், ஒரு குழந்தை இருமல்,
அதற்கு மேலால் ஒரு பெட்டைக் குரல்,
வகுப்பில் வரவு சொல்வதுபோல:
"ஸர்மீனா. என்ர பெயர் ஸர்மீனா.
அட்டையில இருக்கிறது நான் இல்லை."

"சர்மீனா" என்றேன். என் நாக்குக்கு அவ்வளவுதான்.
"இல்லை, ஸ்ஸ்..." என்றார் மேவா கான்,
"வண்டு மாதிரி."
மறுபடி சொன்னேன். மறுபடி திருத்தினார்.
வரிசையில் நின்றவர்கள் முதலில் நிலத்தைப் பார்த்தார்கள்.
பிறகு அந்த ஜனவரி ஒன்றுப் பெடியனும்
தன் பங்குக்கு ஒருக்கா சொல்லிக் காட்டினான்.

விதிப்படி வாசித்தேன், உரத்து:
பெயர், ஸர்மீனா.
தொகை, அறுநூற்றைம்பது திர்ஹம்.
ஊர்?

"வண்டி இன்னும் தொர்ஹம் வரிசையில நிக்குது."
ஊர் இல்லாமல் அடுத்த பக்கம் திறக்காது.
வெறும் பெட்டிக்குள் சின்னக் கோடு
அணைந்து அணைந்து எரிந்தது.
"கொஞ்சம் பொறு, கேட்டுச் சொல்லுறன்" என்றார்
நீளச் சட்டையின் தலைப்பைப் பிடித்து
விரல்களை ஒவ்வொன்றாகத் துடைத்தபடி.