வெட்டுவதற்கென்று ஒரு காட்சி

எங்கள் ஸ்டூடியோவில் எல்லோருக்கும் தெரிந்த தந்திரம்தான்:
தணிக்கைக்குப் போகும் படத்தில்
வெட்டுவதற்கென்றே ஒரு காட்சி வைப்போம்,
குழந்தையின் மணிக்கட்டில் சிவப்பு நூல் கட்டுவது போல.
கண்ணேறு அதோடு போகட்டும்.

எண்பத்து மூன்றில் நாங்கள் வைத்தது
ஒரு குடிகாரன், ஒரு சிலை.
சிலையின் நீட்டிய கையில்
அவன் தன் ஈரக் காலுறைகளைக் காயப்போடுவான்.
ஸ்வெதோஸ்லாவ் அரைமணியில் எடுத்து முடித்தான்,
வெளிச்சம்கூடப் பார்க்கவில்லை.
சாகப்போகிற ஆட்டுக்குச் சீவிச் சிங்காரிப்பானேன் என்றான்.

காப்பாற்ற நினைத்தது வேறு.
பன்னிரண்டு விநாடி. சமையலறை.
தோன்கா மேசையில் நான்கு தட்டு வைக்கிறாள்.
ஒன்றைத் திரும்ப எடுத்து
ஈரமே இல்லாத அதைத் துடைத்து
அலமாரியில் வைக்கிறாள்.
யாரைக் கொண்டுபோனார்கள், எங்கே,
ஒரு சொல் கிடையாது.
குழாய் மட்டும் சொட்டும்.

தோழர் பெஞ்சேவ் இரண்டு முறை போடச் சொன்னார்.
பென்சிலால் குறித்தார்: காலுறை, நீக்கவும்.
முகத்தைத் தொங்கப்போட்டு
ஒரு மணி நேரம் வாதாடினேன்.
அதுவும் தந்திரத்தில் சேர்த்தி.

படம் ரூசேயில் நான்கு நாள் ஓடியது.
தட்டைப் பற்றி யாரும் எனக்கு எழுதவில்லை.

பிறகு அந்த நவம்பர்.
சுவர்களிலிருந்து படங்கள் இறங்கின, ஆணிகள் நின்றன.
ஸ்டூடியோவை யாரோ தவணையில் வாங்கிப்
பாதியைக் குளியலறை ஓடு விற்கும் கடையாக்கினார்கள்.
கிடங்கைக் காலிசெய்தபோது
என் கையெழுத்துள்ள டப்பா ஒன்று கிடைத்தது.
சோஃபியா முழுக்கப் போஸ்டர்:
'வெட்டிய பகுதியுடன், முழுமையாக!'
வேண்டாம் என்றேன்.
மோசமான காட்சி, ஃபோகஸே இல்லை என்றேன்.
இனி எதையும் வெட்டக்கூடாது அம்மா என்றான்
இளம் தயாரிப்பாளன், கண்கள் பளபளக்க.
அவன் சொன்னதும் சரிதான்.
நானே உட்கார்ந்து ஒட்டிக் கொடுத்தேன்.

அரங்கம் எழுந்து நின்று கைதட்டியது,
காலுறைகளுக்கு.
மேடையேற்றி, எப்படித் துணிந்தீர்கள் என்றார்கள்.
தட்டு வந்தபோது
பின்வரிசையில் யாரோ மிட்டாய்த் தாள் பிரித்தார்கள்.

கோட்டு மாட்டும் இடத்தில் பெஞ்சேவ் நின்றிருந்தார்,
இளைத்து, தொப்பியைக் கசக்கியபடி.
"நான்காவது தட்டு" என்றார்.
"அன்றே பார்த்தேன்."

அந்தக் குளிர்காலத்தில் எல்லோருமே
அன்றே பார்த்தவர்கள்,
அன்றே எதிர்த்தவர்கள்.
அலமாரி எந்தப் பக்கம் என்று கேட்டேன்.
இடப்புறம் என்றார், ஜன்னலை ஒட்டி.
அதன் கதவு சரியாக மூடாது.

என் கோட்டை அவர்தான் எடுத்துத் தந்தார்.
நன்றி சொன்னேனா,
நினைவில்லை.